ஆதாயம் இல்லாத சாட்சி

காலைச் சாப்பாட்டுக்கு ஃபரீதா இடியப்பமும் சொதியும் வைத்தாள். சொதி ஒரு சின்ன அலுமினியப் பானையில் தனியாக இருந்தது. “இது அக்காட சைவப் பானை ரீச்சர். மீன் மச்சம் பட்டதில்லை,” என்றாள். என் அக்கா இறந்து நாலு மாதம். பானை இன்னும் தனியாகத்தான் கழுவப்படுகிறது. இரண்டு இடியப்பத்துக்கு மேல் எனக்கு இறங்கவில்லை. எழுந்து போய் ஜன்னலில் நின்றேன், திரும்பி வந்து உட்கார்ந்தேன், மறுபடியும் எழுந்தேன்.

நான் ரொறன்ரோவுக்கு வந்தது சாட்சி சொல்ல. ஊர் பார்ப்பது இடையில் வந்த வேலை. கதை இதுதான். என் அக்காவுக்குப் பிள்ளைகள் இல்லை. அத்தான் இறந்தபின், ரொறன்ரோவுக்குக் கிழக்கே விட்பியில் இந்த வீட்டில் அவர் இருந்தார். நிலக்கீழ் அறைகளில் ஃபரீதாவும் கணவன் நசீரும் மகள் சனாவும் வாடகைக்கு இருந்தார்கள். அக்காவுக்குச் சிறுநீரகம் பழுதான பிறகு அவரைக் குளிப்பாட்டியது, ஊட்டியது, கிழமைக்கு மூன்று தடவை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனது எல்லாம் ஃபரீதா. அக்கா கடையில் ஒரு அச்சடித்த படிவம் வாங்கி, தன் கையாலேயே உயில் எழுதி, வீட்டை ஃபரீதாவுக்கு வைத்துவிட்டார். இரண்டு பேர் சாட்சிக் கையெழுத்துப் போட்டார்கள். எதிர்வீட்டு ஜமேக்கா அம்மா மிசஸ் பெயின் ஒன்று. ஃபரீதாவின் கணவன் நசீர் மற்றது.

பிழை அங்கேதான். இங்கே உள்ள சட்டப்படி, உயிலில் சாட்சிக் கையெழுத்துப் போட்டவருக்கோ, அவருடைய கணவன் மனைவிக்கோ அந்த உயிலில் எழுதிய சொத்துச் செல்லாது. அவர்கள் யாரும் வற்புறுத்தவில்லை என்று நீதிபதி திருப்திப்பட்டால் மட்டும் செல்லும். செல்லாவிட்டால் வீடு உடன்பிறந்தவர்களுக்கு. அதாவது எனக்கும், நகரத்துக்கு மேற்கே மிசிசாகாவில் இருக்கும் எங்கள் தம்பி ரவிக்கும். நசீர்தான் அக்காவை மடக்கி எழுதவைத்தான் என்று ரவி வழக்குப் போட்டிருந்தான்.

இந்தச் சட்டத்தை நான் விட்பியில் வந்து அறியவில்லை. யாழ்ப்பாணத்தில் முப்பது வருடம் உயர்தர வகுப்புக்குப் பிரித்தானிய வரலாறு படிப்பித்தவள் நான். பழைய ஆங்கில நீதிமன்றத்தில் வழக்கால் ஆதாயம் உள்ளவன் வாயே திறக்க முடியாது. வழக்காளியும் எதிரியும்கூடச் சாட்சிக் கூண்டில் ஏற முடியாது. உயிலில் சாட்சி வைத்தவனுக்கு ஒரு வெள்ளிக் கரண்டி எழுதியிருந்தாலும் அந்த உயிலுக்கே ஆபத்து. பிறகு பாராளுமன்றம் இரங்கி, உயில் நிற்கட்டும், கரண்டி மட்டும் போகட்டும் என்றது. இதை நான் வருடா வருடம் கரும்பலகையில் எழுதி, அடிக்கோடும் போட்டவள்.

இனி நான் ஒருவருக்கும் சொல்லாமல் கொண்டுவந்த விஷயம். கையெழுத்துக்கு முதல்நாள் அக்கா எனக்குப் போன் எடுத்தார். வீட்டை ஃபரீதாவுக்கு எழுதுவதையும் சொன்னார். “இரண்டு சாட்சி வேணுமாம். எதிர்வீட்டு மனிசி ஒண்டு. மற்றதுக்குத் தம்பியைக் கூப்பிடட்டோ, நசீரை வைக்கட்டோ?” என்று கேட்டார். நான் சொன்னேன்: “தம்பி மிசிசாகாவில இருந்து வந்துபோக அரைநாள். வீட்டோட இருந்து பாக்கிறவனை வையுங்கோ. அவனுக்கும் ஒரு மரியாதை.”

எங்களுக்குச் சாட்சிக் கையெழுத்து என்றால் அது மரியாதைதான். கல்யாணப் பதிவில் தாய்மாமனை விட்டுவிட்டு வேறொருவரைக் கையெழுத்து வைக்கச் சொன்னால் மாமன் பந்தியில் இருந்து எழும்பிப் போய்விடுவார். நெருங்கியவன்தான் சாட்சி. வெள்ளைக்காரன் தலைகீழாக நினைத்தான். கரும்பலகையில் இருந்தது இங்கிலாந்து, போனில் இருந்தது என் அக்கா. இரண்டையும் நான் சேர்த்துப் பார்க்கவே இல்லை. ஆனால் இதை இன்று வெளியே சொன்னால் யார் நம்புவார்கள்? சட்டம் தெரிந்த வாத்தியார், வீடு தனக்கு வரவேண்டும் என்று தமக்கைக்குப் பிழையாகச் சொல்லிக்கொடுத்தாள் என்பார்கள்.

செவ்வாய்க்கிழமை வீட்டில் இருக்க முடியாமல் ரயில் ஏறி நகரத்துக்குப் போனேன். ஏப்ரல் மாதம். பாதையோரம் அழுக்குப் பனி உப்புக் குவியல் மாதிரிக் கிடந்தது. பாதி வழியில் ரயில் நின்றது. ஒலிபெருக்கியில் ஒரு குரல் மன்னிப்புக் கேட்டது, பத்து நிமிடம் கழித்து மறுபடியும் கேட்டது. பெட்டியில் நூறு பேர் இருந்திருப்பார்கள், ஒருவரும் வாய் திறக்கவில்லை. எங்கள் கொழும்பு ரயில் இப்படி நின்றிருந்தால் இதற்குள் சாப்பாட்டுப் பார்சல்கள் அவிழ்ந்து, எதிரில் இருப்பவரின் மகளுக்கு மாப்பிள்ளையும் பேசி முடித்திருப்போம். பக்கத்தில் இருந்த பெண்ணிடம் என்ன பிரச்சினை என்று கேட்டேன். “சிக்னல்,” என்றாள், போனில் இருந்து கண்ணை எடுக்காமல்.

நகர நடுவில் பழைய சட்ட மாளிகை ஒன்று இருக்கிறது. சுற்றிவர இரும்பு வேலி. அதன் வாசல் படலை வளைந்து நெளிந்து, ஒருவர் மட்டும் உடம்பைத் திருப்பித் திருப்பி நுழையும்படி செய்திருக்கிறார்கள். அந்தக் காலத்தில் மாடுகள் உள்ளே வராமலிருக்கச் செய்தது என்று அங்கே நின்ற காவல்காரர் சொன்னார். உண்மையோ தெரியாது. எனக்கு இடுப்பு இடித்தது. இங்கிலாந்தில் இருந்து கப்பலில் வந்த சட்டம் மாட்டைத் தடுத்த அதே ஒழுங்கோடுதான் அக்காவின் உயிலையும் தடுத்தது என்று எரிச்சலாக வந்தது.

கிட்டவே ஒரு நீதிமன்றத்தில் பொதுமக்கள் இருக்கையில் போய் உட்கார்ந்தேன். யாரும் தடுக்கவில்லை, அதுவே எனக்கு ஆச்சரியம். அரசரின் பெயரில்தான் இன்னும் வழக்கு நடக்கிறது. அரசர் கடலுக்கு அப்பால் இருக்கிறார், அவருக்காக இங்கே ஒரு இளம் பெண் மூக்கைச் சிந்திக்கொண்டு கோப்பு புரட்டினாள். சண்டைபிடித்ததாக ஒருவன் மீது குற்றச்சாட்டு. அவன் அண்ணன் சாட்சிக்கு நின்றான். அரசுத் தரப்புப் பெண் கேட்டாள்: “நீங்கள் அவருடைய சகோதரர், இல்லையா?”

“ஆம்.”

“அவர் மேல் உங்களுக்கு அன்பு உண்டு, இல்லையா?”

“அதனால்தானே வேலைக்கு லீவு போட்டு வந்தேன்,” என்றான் அந்த மனிதன்.

அவள் நீதிபதியைப் பார்த்துத் தலையசைத்துவிட்டு உட்கார்ந்தாள். அன்புள்ளவன் சொல்லை நம்பவேண்டாம் என்று காட்ட அவளுக்கு அது போதுமாக இருந்தது. எனக்கு எழுந்து கத்தவேண்டும் போலிருந்தது. வெளியே வந்து ஒரு வண்டியில் இரட்டைப் பாலும் இரட்டைச் சீனியும் போட்ட கோப்பி வாங்கினேன். பாயசம் மாதிரி இருந்தது. நடந்துகொண்டே குடித்தேன்.

புதன்கிழமை காலை ஃபரீதா வாசல் அலுமாரியைத் திறந்தபோது கீழே ஒரு நீலப் பை கண்ணில் பட்டது. வாய் இறுக்கிக் கட்டியிருந்தது. எங்கேயாவது பயணமா என்று கேட்டேன்.

“இல்லை ரீச்சர். பாஸ்போட், சனாட சேர்ட்டிபிக்கட், கலியாண எழுத்து எல்லாம் உதுக்குள்ளதான். எப்பவும் கட்டித்தான் வைச்சிருப்பன். பழகிப்போச்சு. அண்டைக்கு எங்களுக்கு இரண்டு மணித்தியாலம்தானே தந்தவை.”

அவள் யாழ்ப்பாணத்தில் சோனகத் தெருவில் பிறந்தவள். தொண்ணூறாம் ஆண்டு, அவளுடைய பன்னிரண்டு வயதில், முஸ்லிம்கள் எல்லாரும் போகவேண்டும் என்று ஆயுதத்தோடு வந்து சொன்னவர்கள் அவளைக் குடும்பத்தோடு வெளியேற்றினார்கள். புத்தளத்தில் ஓலைக் கொட்டிலில் வளர்ந்தாள். அந்த நாள் எனக்கும் ஞாபகம் இருக்கிறது. எங்கள் ஒழுங்கை முகப்பில் நின்று அவர்கள் போவதைப் பார்த்தேன். அந்தச் சனத்தோடு பகையும் இல்லை, அந்த வீடுகளால் எனக்கு ஆதாயமும் இல்லை. ஆங்கிலேயன் கேட்கும் சுத்தமான சாட்சி. ஊர் நிறைய அப்படி நின்றோம், ஒருவரும் வாய் திறக்கவில்லை. எனக்கு அது இன்றைக்கும் வெட்கம்.

பின்னேரம் ரவி கார் கொண்டுவந்தான். வீட்டுக்குள் வரவில்லை. வாசலில் நின்று ஹோர்ன் அடித்தான். மிசிசாகா போய்ச் சேர இரண்டு மணித்தியாலம். பெருந்தெருவில் கார்கள் நத்தையாக ஊர்ந்தன. நசீர் தினமும் இதே தூரம் ரயிலும் பஸ்ஸுமாக விமான நிலைய வேலைக்குப் போகிறான் என்று நினைத்தேன், சொல்லவில்லை. ரவியின் வீட்டில் கணவாய்க்கறி, புட்டு, கத்தரிக்காய்ப் பொரியல். அவன் மனைவி என் தட்டை நிரப்பிக்கொண்டே இருந்தாள். அவனைக் கெட்டவன் என்று எழுத எனக்குக் கை வராது. அக்காவின் சவப்பெட்டியைத் தோளில் தூக்கியவன் அவன். தொடக்கத்தில் நகரத்தின் பார்க்டேல் பகுதியில் ஒரே அறையில் அக்கா, அத்தானோடு பாயில் படுத்து, இரவும் பகலும் உணவகத்தில் கோப்பை கழுவி ஆளானவன்.

“சின்னக்கா, நீங்கள் பொய் ஒண்டும் சொல்லத் தேவையில்லை. தெரியாது எண்டு சும்மா இருந்தாக் காணும். பாதி வீடு உங்களுக்கு,” என்றான்.

பாதி வீடு. மறைக்காமல் சொல்கிறேன், எனக்கும் ஆசை வந்தது. ஊரில் எங்கள் வீட்டுக் கூரை இரண்டு மாரியாக ஒழுகுகிறது. ஒரு வாய் புட்டு மெல்லும் நேரத்துக்குள் நான் அதைப் புதுக்கி, ஓடும் மாற்றிவிட்டேன்.

“உனக்கு அந்த வீடு என்னத்துக்கடா?” என்று கேட்டேன்.

அவன் கையைக் கழுவிவிட்டு வந்து சொன்னான். “வீடு கிடக்கட்டும். நான் உயிரோட இருக்க, உடன்பிறந்தவன் இருக்க, கையெழுத்துக்கு அவனைக் கூப்பிட்டிருக்கிறா. என்னைக் கேக்கக்கூட இல்லை. அவன் ஏதோ சொல்லித்தான் மாத்தியிருக்கிறான். இல்லாட்டி பெரியக்கா அப்பிடிச் செய்வாவோ?”

எனக்குப் புரை ஏறியது. அவனுடைய வழக்கு முழுவதும் அந்தக் கையெழுத்தின் மேல்தான் நின்றது, அவனைக் கூப்பிடாமல் தடுத்தது நான். இதில் கொடுமை, அன்றைக்கு ரவி கையெழுத்து வைத்திருந்தால் உயிலுக்கு ஒரு பழுதும் வந்திருக்காது. அவனுக்கு அதில் ஒன்றும் எழுதவில்லை. நான் தண்ணீரைக் குடித்துவிட்டு, தலையிடிக்கிறது, கொண்டுபோய் விடு என்றேன்.

வியாழக்கிழமை ஃபரீதாவின் லோயரைப் பார்க்க அவளும் நானும் பார்க்டேல் போனோம். ட்ராமில் ஏறி எட்டு நிறுத்தம் போயிருக்கும், சாரதி வண்டியை நிறுத்தி, இது இதோடு திரும்புகிறது, எல்லாரும் இறங்குங்கள் என்றார். காரணம் சொல்லவில்லை. சனம் முணுமுணுக்காமல் இறங்கிக் குளிரில் வரிசையாக நின்றது. “எங்கட ஊரில எண்டா றைவருக்கு இண்டைக்குப் பூசைதான்,” என்றேன். “இஞ்ச எல்லாரும் மனசுக்குள்ளதான் ஏசுறது,” என்றாள் ஃபரீதா. அடுத்த ட்ராம் வரக் காணோம். நடந்தோம். வழியில் ஒரு திபெத்துக் கடையில் கொழுக்கட்டை மாதிரி ஒன்றை ஆவி பறக்கத் தின்றோம். உள்ளே முட்டைக்கோவா. காரச் சட்னி கண்ணில் தண்ணீர் வரவைத்தது. ஃபரீதா என் கண்ணைப் பார்த்துவிட்டு, காரத்தாலா என்று கேட்டாள். ஓம் என்றேன்.

லோயர் துஷாவுக்கு முப்பது வயது இருக்கும். பார்க்டேலிலேயே பிறந்த பிள்ளை. மலர்க்கடை ஒன்றின் மேல்மாடியில் அவள் கந்தோர். ஃபரீதாவை வெளியே கதிரையில் இருக்கச் சொல்லிவிட்டு என்னை உள்ளே கூப்பிட்டாள்.

“அன்ரி, ஜட்ஜுக்கு ஒண்டுதான் தெரிய வேணும். ஆரும் அவவை ஃபோர்ஸ் பண்ணினவையோ? நசீர் அண்ணை, ஃபரீதா அக்கா சொல்லுறதுக்கு வெயிட் குறைவு. பிகாஸ், அவையளுக்கு வீடு கிடைக்குது. மிசஸ் பெயின் அஞ்சு நிமிசம்தான் நிண்டவவாம், அதால அவவை நாங்கள் இன்னும் கேக்கேல்லை. ஏன் நசீர் அண்ணையைச் சூஸ் பண்ணினவ எண்டு ஆருக்கும் தெரியாது. தட்ஸ் அவர் ப்ரொப்ளம்.”

நான் எழுந்து ஜன்னலுக்குப் போனேன். கீழே ட்ராம் வந்துகொண்டிருந்தது, நாங்கள் காத்து நின்றபோது வராத ட்ராம். திரும்பி வந்து உட்கார்ந்தேன்.

“எனக்குத் தெரியும்,” என்றேன். “நான்தான் அவனை வைக்கச் சொன்னது.”

போன் விஷயம் முழுவதையும் சொன்னேன். ரவியின் பெயரை அக்கா முதலில் சொன்னதையும் சொன்னேன். துஷா தட்டச்சை நிறுத்திவிட்டாள்.

“அன்ரி, இதை எழுதினா உங்கட பங்கு போகும். தெரியும்தானே? அதோட ரவி அங்கிளின்ர லோயர் உங்களை விடமாட்டார். ஹிஸ்ரி ரீச்சர், சட்டம் தெரியும், வேணுமெண்டு செய்தனீங்களோ எண்டு கேப்பார்.”

“கேக்கட்டும் பிள்ளை. எனக்கு வாய் இருக்கு.”

வேதப் புத்தகத்தில் சத்தியமா, வெறும் உறுதிமொழியா என்று கேட்டாள். ஒரு காலத்தில் சத்தியம் செய்யமாட்டோம் என்று மறுத்த குவேக்கர் சபைக்காரரைச் சிறையில் போட்டார்கள், பிறகுதான் உறுதிமொழி போதும் என்று விட்டார்கள் என்று நான் வகுப்பு எடுக்கத் தொடங்கினேன். துஷா பொறுமையாகக் கேட்டுவிட்டு, “அப்ப உறுதிமொழி,” என்றாள். அவள் தட்டச்சடித்துத் தந்த வாக்குமூலத்தில் கையெழுத்து வைத்தேன்.

வெளியே வந்து ஃபரீதாவிடமும் சொன்னேன். “நீங்களோ?” என்று கேட்டுவிட்டு என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். நான் திட்டு வாங்கத் தயாராக நின்றேன். “அக்கா என்னைக் கேட்டிருந்தாலும் நான் அதைத்தானே சொல்லியிருப்பன்,” என்றாள் கடைசியில். பிறகு கைப்பையில் எதையோ தேடுபவள் போல முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

ட்ராம் நிறுத்தத்தில் நின்றே ரவிக்குப் போன் எடுத்தேன். முழுவதையும் கேட்டான். ஏசுவான் என்று நினைத்தேன். “அப்ப பெரியக்கா என்ர பேரைச் சொன்னவவோ?” என்றான்.

“முதல் உன்ர பேரைத்தான் சொன்னவ. நான்தான் மறிச்சனான்.”

“என்னைச் சமாளிக்கிறதுக்குச் சொல்லுறியள் சின்னக்கா,” என்று போனை வைத்துவிட்டான். நான் அவன் அக்கா, அவன் மேல் அன்பு உள்ளவள். என் சாட்சி அவனிடம் எடுபடவில்லை.

சனிக்கிழமை ரவியின் லோயர், இனி வழக்கு நிற்காது என்று அவனிடம் சொல்லிவிட்டாராம். ஞாயிறு மத்தியானம், எதிர்ப்பைக் கைவிடும் பத்திரத்தோடு அவனே விட்பிக்கு வந்தான். அக்காவின் அந்தியேட்டிச் சடங்குக்குப் பிறகு அந்த வீட்டுக்குள் அவன் கால் வைத்தது அன்றைக்குத்தான். சப்பாத்தைக் கழற்றினான், குளிர்க் கோட்டைக் கழற்றவில்லை. ஃபரீதா மரக்கறி றோல்ஸும் தேத்தண்ணியும் வைத்தாள். அவன் தொடவில்லை. நசீர் சுவரோடு ஒட்டி நின்றான்.

“ஒரு சாட்சி வேணுமாம். வீட்டால ஆதாயம் இல்லாத ஆளாப் பாத்து வைக்கச் சொன்னவர் லோயர்,” என்றான் ரவி பத்திரத்தைப் பார்த்தபடி.

நாங்கள் ஒருவரையொருவர் பார்த்தோம். நான் பங்குக்காரி. ஃபரீதாவுக்குத்தான் வீடு. நசீர் அவள் கணவன், ஏற்கெனவே ஒரு கையெழுத்துப் போட்டு இத்தனை பாடு. சனா மகள். அந்த மேசையைச் சுற்றி நின்றவர்களில் அக்காவுக்கு வேண்டாதவர் என்று ஒருவரும் இல்லை, அதனால் ஒருவருக்கும் தகுதியும் இல்லை. சனாதான் “ஹோல்ட் ஓன்” என்று சொல்லி வீதியைக் கடந்து ஓடினாள்.

மிசஸ் பெயின் வீட்டுச் செருப்போடு, இரவு உடுப்பின் மேல் கோட்டைப் போட்டுக்கொண்டு வந்தார். எழுபது வயது. எதற்கு என்று கேட்கவில்லை. ரவி கையெழுத்து வைப்பதைப் பார்த்தார், கீழே தன் பெயரை எழுதினார், ஒரு றோல்ஸை எடுத்துக் கடித்தார். பிறகு ரவியிடம் ஆங்கிலத்தில் கேட்டார்: “நீங்கள்தான் அந்தத் தம்பியா?”

“எந்தத் தம்பி?”

“போன தடவையும் இதே மேசைதான். உங்கள் அக்கா பேனையைக் கையில் வைத்துக்கொண்டு ஜன்னலையே பார்த்துக்கொண்டிருந்தார். யாராவது வரவேண்டுமா என்று கேட்டேன். இது என் தம்பி வைக்கவேண்டிய கையெழுத்து, அவன் தூரத்தில் இருக்கிறான், அலைக்கழிக்க மனம் வரவில்லை என்றார்.”

அந்த அம்மாவுக்கு எங்கள் வழக்குத் தெரியாது. ரவியை அன்றைக்குத்தான் முதன்முதலாகப் பார்க்கிறார். இந்த வீடு யாருக்குப் போனாலும் அவருக்கு ஒரு றோல்ஸ்தான் மிச்சம்.

“இன்னொரு தரம் சொல்லுங்கோ,” என்றான் ரவி தமிழில். பிறகு நினைவு வந்து ஆங்கிலத்தில் கேட்டான்.

அவர் சொன்னார். ஒரு சொல்லும் மாறவில்லை. ரவி கோட்டைக் கழற்றிக் கதிரையில் போட்டுவிட்டு உட்கார்ந்தான்.